ஆறு நாளில் ஏழு ஊர் வேண்டாம், ஒரே ஊர் போதும்



போன ஞாயிற்றுக்கிழமை ஒரு பழைய மாணவன் வீட்டுக்கு வந்தான். மூன்றாம் வகுப்பில் என்னிடம் படித்தவன். இப்போது ஆம்பூர் பக்கம் ஒரு ஷூ கம்பெனியில் சூப்பர்வைசர். காபி குடித்துவிட்டு சட்டைப்பையிலிருந்து ஒரு தாளை எடுத்து நீட்டினான். "டீச்சர், அரையாண்டு லீவுல குடும்பத்தோட பனி பாக்கப் போறோம். அம்மாவையும் கூட்டிட்டுப் போறேன். பிளான் சரியா இருக்கான்னு பாருங்க" என்றான்.

அவன் அம்மாவை எனக்கு நன்றாகத் தெரியும். இருபத்தெட்டு வருஷம் ஷூ கம்பெனியில் அப்பர் தைத்தவர். குளிர் தேசத்துக்காரர்கள் போட்டுக்கொள்ளும் பூட்ஸை இத்தனை வருஷம் தைத்தவருக்கு, அந்தக் குளிர் எப்படி இருக்கும் என்று தெரியாது. "சாவறதுக்குள்ள ஒரு தபா பனின்னா இன்னான்னு பாக்கணும்டா" என்று மகனிடம் கேட்டிருக்கிறார். இப்போது அறுபத்தெட்டு வயது. பிபி உண்டு, சர்க்கரையும் உண்டு.

தாளைப் பார்த்தேன். டெல்லி, ஆக்ரா, ஷிம்லா, குலு, மணிகரண், மணாலி, அடல் சுரங்கம் தாண்டி சிஸ்ஸு. மொத்தம் ஆறு நாள்!

பழக்க தோஷம், சிவப்புப் பேனாவைத் தேடினேன். அவன் சிரித்தான். அவனுக்குச் சொன்னதை உங்கள் எல்லோருக்கும் சொல்லலாம் என்றுதான் இந்தப் பதிவு. நம் ஊர்ப் பிள்ளைகளில் நிறைய பேர் இந்த வருஷம் வடக்கே கிளம்புவதாகக் கேள்விப்படுகிறேன். சந்தோஷம். நம் டோல்கேட் வழியாகப் போகிற தேசிய நெடுஞ்சாலை 48, டெல்லியில் தொடங்கி ஜெய்ப்பூர், மும்பை, பெங்களூரு சுற்றிச் சென்னையில் முடிகிற 2,800 கிலோமீட்டர் சாலை. வாசலில் இருக்கிற சாலையின் மறுமுனையைப் பார்க்க ஆசைப்படுவதில் தப்பே இல்லை. எப்படிப் போகிறோம் என்பதில்தான் எனக்குக் கருத்து இருக்கிறது.

முதலில் ஒரு கணக்கு போடுவோம்.

அவன் எழுதிய ஏழு ஊரையும் சுற்றி டெல்லி திரும்ப 1,500 கிலோமீட்டருக்குக் குறையாது. சமவெளியில் மணிக்கு ஐம்பது, மலையில் இருபத்தைந்து முப்பது என்று வைத்தால் வண்டிக்குள் மட்டும் ஏறக்குறைய நாற்பத்தைந்து மணி நேரம். டிசம்பர் கடைசியில் நமக்குப் பதினோரு மணி நேரத்துக்கு மேல் பகல் இருக்கும். ஷிம்லா, மணாலிப் பக்கம் பத்து மணி நேரம்தான். அதிலும் பள்ளத்தாக்கில் மலை மறைத்துவிடுவதால் நாலு மணிக்கே வெயில் போய்விடும். ஆறு நாளுக்கு அறுபது மணி நேரப் பகல். அதில் நாற்பத்தைந்தைக் கழித்தால் மிச்சம் பதினைந்து. ஏழு ஊருக்கு வகுத்தால் ஊருக்கு இரண்டு மணி நேரம். அதற்குள் சாப்பாடு, குளியல், ரூம் சாவிக்குக் காத்திருப்பது எல்லாம் அடக்கம்.

"ராத்திரியில ஓட்டிடலாம் டீச்சர்" என்றான். அங்கேதான் எனக்குக் கோபம் வந்தது. இரவில் மலைச்சாலையில் ஈரம் உறைந்து கண்ணாடி மாதிரி மெல்லிய ஐஸ் படியும். ஓட்டுகிறவர் கண்ணுக்கே தெரியாது. அதன் மேல் பிரேக் போட்டால் வண்டி சறுக்கும். சமவெளியிலோ மூடுபனி. டெல்லியைச் சுற்றி டிசம்பர், ஜனவரியில் ரயிலும் விமானமும் மணிக்கணக்கில் தாமதமாவது வருஷா வருஷம் நடப்பது. ஒரு ரயில் ஆறு மணி நேரம் லேட்டானால் ஏழு ஊர்த் திட்டமும் சீட்டுக்கட்டு மாதிரி சரியும்.

இதையெல்லாம் பட்டுத்தான் சொல்கிறேன். மூன்று வருஷத்துக்கு முன் டிசம்பரில் நானும் உங்கள் சாரும் ஒரு டூர் குரூப்போடு போனோம். எங்கள் திட்டமும் இதே மாதிரிதான். டெல்லியிலிருந்து இரவு பஸ். மூடுபனியில் நின்று நின்று போய், காலையில் சேர வேண்டிய பஸ் மதியம்தான் மணாலி சேர்ந்தது. அன்றைய இடத்தை அன்றே காட்டிவிட வேண்டும் என்று, ரூமில் முகம் கழுவக்கூட விடாமல் வண்டியில் ஏற்றினார்கள். மணாலி 2,050 மீட்டர். அடல் சுரங்கத்தின் வாசல் 3,000 மீட்டருக்கு மேல். நம் ஏலகிரியே ஆயிரம் மீட்டருக்குச் சற்று மேல்தான். இரண்டு நாள் முன்புவரை பாலாற்றங்கரையில் இருந்த உடம்பை ஒரே மூச்சில் அவ்வளவு உயரத்துக்குக் கொண்டுபோனால் என்ன ஆகும்? சாருக்குத் தலைவலி, வாந்தி. பனியில் நின்றது இருபது நிமிஷம். திரும்பும்போது டிராஃபிக்கில் ஐந்து மணி நேரம். அந்த ஐந்து மணி நேரமும் கழிப்பறைக்கு வழியில்லாமல் நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். அம்மாவை, மனைவியைக் கூட்டிப் போகிற ஆண்பிள்ளைகள் திட்டம் போடும்போது இதை யோசிப்பதே இல்லை.

எங்களுக்கு மட்டும் நடந்த கதை இல்லை இது. 2024 டிசம்பர் கடைசியில் சோலாங்குக்கும் அடல் சுரங்கத்துக்கும் நடுவே சுமார் ஆயிரம் வண்டிகள் பனியில் மாட்டிக்கொண்டதைச் செய்தியில் பார்த்திருப்பீர்கள். 2022 ஜனவரியில் பாகிஸ்தானின் மர்ரி மலையூரில் பனி பார்க்கப் போனவர்கள் காருக்குள்ளேயே இரவில் சிக்கி, இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்துபோனார்கள். மர்ரியின் உயரம் ஏறக்குறைய ஷிம்லாவின் உயரம்தான். பனியில் வண்டி நின்று, சைலன்சரைப் பனி மூடிய நிலையில் ஹீட்டருக்காக எஞ்சினை ஓட விட்டால் கார்பன் மோனாக்சைடு வண்டிக்குள் வரும். வாசனை கிடையாது, தூக்கம் வருகிற மாதிரிதான் இருக்கும். மூடிய அறைக்குள் கரி அடுப்பு வைத்துக்கொண்டு தூங்குவதும் இதே ஆபத்துதான். அறைக்கு மின்சார ஹீட்டர் உண்டா என்று கேட்டுவிட்டு முன்பணம் கட்டுங்கள்.

சரி, பயமுறுத்தியது போதும். என்ன செய்யலாம்?

என் கருத்து இதுதான். ஆறு நாள் இருந்தால் ஒரே ஒரு மலையூர். அவன் தாளின் பின்பக்கத்தில் நான் எழுதிக் கொடுத்தது இது:

முதல் நாள், சென்னையிலிருந்து விமானத்தில் சண்டிகர். அன்று வேறு வேலை இல்லை, ஓய்வு. இரண்டாம் நாள் காலை கால்காவிலிருந்து ஷிம்லாவுக்கு மலை ரயில். 1903-ல் திறந்தது, 96 கிலோமீட்டர், நூற்றுக்கு மேல் சுரங்கங்கள். 2008-ல் யுனெஸ்கோ பாரம்பரியச் சின்னமாக அறிவித்தார்கள். ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஆகும் என்பதுதான் அதன் சிறப்பே. மெதுவாக ஏறுவதால் உடம்பும் பழகும், ஜன்னலோரம் அம்மா உட்கார்ந்து பார்த்துக்கொண்டே வரலாம், ரயிலுக்குள் கழிப்பறையும் இருக்கும். பிறகு ஷிம்லாவில் மூன்று இரவு, ஒரே அறை. ஐந்தாம் நாள் பகல் வெளிச்சத்திலேயே காரில் சண்டிகர் இறங்குவது. ஆறாம் நாள் மதியத்துக்கு மேல் விமானம். காலை விமானம் மூடுபனிக்குப் பலியாகும்.

நடுவில் இரண்டு முழு நாள் கிடைக்கிறது. ஒரு நாள் குஃப்ரியோ நார்கண்டாவோ, எங்கே பனி இருக்கிறது என்று உள்ளூர் ஓட்டுநரைக் கேட்டுப் போங்கள். அவர் "இன்னிக்கு வேண்டாம்" என்றால் வேண்டாம்தான். இன்னொரு நாளைக் காலியாக விடுங்கள். ஆமாம், ஒன்றுமே எழுதாத நாள். பனிக்காலத்தில் ஏதாவது ஒன்று தவறத்தான் செய்யும். தவறுவதைத் தாங்கிக்கொள்ள ஒரு நாள் வேண்டும்.

அடுத்தது, தேதி. அரையாண்டு விடுமுறையில் நாடே மலைக்கு ஏறுகிறது. அறை விலையும் கூட்டமும் உச்சத்தில். ஆனால் டிசம்பரில் ஷிம்லாவில் பனி விழும் என்று யாரும் உறுதி சொல்ல முடியாது. ஜனவரி பிற்பாதி, பிப்ரவரி முதல் வாரங்களில் வாய்ப்பு அதிகம், கூட்டமும் குறைவு. முப்பது வருஷத்துக்கு மேல் அட்டெண்டன்ஸ் எடுத்தவளா இப்படிச் சொல்வது என்று கேட்பீர்கள். சொல்கிறேன். சின்ன வகுப்புப் பிள்ளைகளுக்குப் பாட்டியோடு பனி பார்க்க நாலு நாள் லீவு போட்டால் குடி முழுகாது. வகுப்பாசிரியரிடம் உண்மையைச் சொல்லி லீவு கேளுங்கள், "காய்ச்சல்" என்று எழுதாதீர்கள். பத்தாவது, பன்னிரண்டாவது பிள்ளைகளுக்கு இது பொருந்தாது, அவர்கள் சாக்குத் தேட வேண்டாம்!

பெரியவர்களைக் கூட்டிப் போகிறவர்களுக்குச் சில வார்த்தைகள். போவதற்கு முன் வழக்கமாகப் பார்க்கிற டாக்டரைப் பார்த்துவிடுங்கள். மாத்திரையைப் பெரிய பெட்டியில் போடாமல் கைப்பையில் வையுங்கள். இன்சுலின் உறைந்தால் வீண், அதனால் உடம்போடு ஒட்டிய உள்பையில் இருக்கட்டும். ஒரு கனத்த ஸ்வெட்டரைவிட மூன்று மெல்லிய அடுக்கு மேல். காலணி பற்றி நம் ஊர்க்காரர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை, ஆனாலும் சொல்கிறேன்: ஆபீஸ் லெதர் ஷூ போட்டுக்கொண்டு பனியில் இறங்காதீர்கள். வழவழ சோல் சறுக்கும், தோல் ஊறினால் கால் விறைக்கும். பனி இடத்தில் வாடகைக்குக் கம்பூட்ஸ் கிடைக்கும். கம்பளி சாக்ஸுக்கு இடம் விட்டு ஒரு சைஸ் பெரியதாக எடுங்கள்.

இன்னொன்று. நமக்குக் காட்சி, அங்கே இருப்பவர்களுக்குப் பாடு. காஷ்மீரில் டிசம்பர் 21 முதல் நாற்பது நாளைச் சில்லை கலான் என்பார்கள், பெருங்குளிர்க் காலம். குழாய்த் தண்ணீர் உறையும், சாலை மூடும். இமாசலத்திலும் குளிர்காலம் லேசானதல்ல. வெந்நீர் தாமதமானால் ஹோட்டல் பையனிடம் கத்தாதீர்கள். பிளாஸ்டிக்கைப் பனியில் வீசிவிட்டு வராதீர்கள். பாலாற்றை நாம் என்ன செய்துவைத்திருக்கிறோம் என்று நமக்கே தெரியும், அதை மலையிலும் போய்ச் செய்ய வேண்டாம்.

"அவ்ளோ தூரம் போயிட்டு, அவ்ளோ செலவு பண்ணிட்டு, எல்லாத்தையும் பாக்காம வர்றதா டீச்சர்? அம்மா இன்னொரு தடவை வர முடியுமா?" என்று அவன் கேட்டான். நியாயமான கேள்வி. என் பதிலும் அதே கேள்வியில்தான் இருக்கிறது. அம்மாவால் இன்னொரு தடவை முடியாது என்பதால்தான், இந்த ஒரு தடவையை வண்டிக்குள் கழிக்கக் கூடாது. அவர் ஏழு ஊர் கேட்கவில்லை. பனியைத்தான் கேட்டார்.

எங்கள் பயணத்தில் உருப்படியாக மிஞ்சியது என்ன தெரியுமா? நாலாம் நாள் குரூப் ஷாப்பிங் போனது. சாருக்கு முடியவில்லை என்று நாங்கள் லாட்ஜிலேயே தங்கிவிட்டோம். வராந்தாவில் கம்பளி போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். பதினோரு மணி வாக்கில் பனி விழ ஆரம்பித்தது. நம் ஊரில் மழை வந்தால் தகரத்தில் சத்தம் கேட்கும், மண் வாசனை வரும். இது எந்தச் சத்தமும் இல்லாமல் வந்தது. சார் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "சத்தமே இல்லியே" என்றார். ஒரு மணி நேரம் அப்படியே இருந்தோம். காசு கட்டிப் பார்த்த எந்த இடமும் இன்று சரியாக நினைவில்லை. அந்த ஒரு மணி நேரம் இருக்கிறது. அது திட்டத்திலேயே இல்லாதது.

நேற்று அவன் போன் செய்தான். ஊர்ப் பட்டியலை அம்மாவிடம் படித்துக் காட்டி, "டீச்சர் ஆறு ஊரை அடிச்சிட்டாங்க" என்று சொன்னானாம். அம்மா, "மிச்சம் இருக்கற ஊர்ல பனி இருக்குதா?" என்று மட்டும் கேட்டாராம். பிப்ரவரி முதல் வாரத்துக்கு டிக்கெட் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

போய் வந்தவர்கள் உங்கள் அனுபவத்தைக் கீழே எழுதுங்கள். எனக்கு மாற்றுக் கருத்து உள்ளவர்களும் எழுதலாம், பெஞ்ச் மேல் ஏற்ற மாட்டேன். போகிறவர்கள் பத்திரமாகப் போய் வாருங்கள். வந்ததும் அம்மாவின் போட்டோவை எனக்கு அனுப்ப மறக்காதீர்கள்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்,
பள்ளிகொண்டா