அண்டை வீட்டு அடுப்பு

ஒரு நாட்டை அறிய விரும்புவோர் முதலில் அந்நாட்டின் கோயில்களையும் கோட்டைகளையும் காண்கின்றனர். பின்னர்க் கடைவீதிக்குச் செல்கின்றனர். அடுப்பங்கரை வரையில் செல்வோர் மிகச் சிலரே. அங்கே செல்வதற்குக் கட்டணச் சீட்டுக் கிடையாது. வீட்டுக்குரியவரின் மனம் திறந்தால்தான் அக்கதவு திறக்கும்.

இந்நாளில் வியட்நாமுக்குச் செல்லும் வழிப்போக்கர் பலர் இந்தக் கதவைத் தட்டக் கற்றுள்ளனர். விடுதியில் உண்டு திரும்புவதோடு நில்லாமல், உள்ளூர்க் குடும்பம் ஒன்றனுடன் காலையில் சந்தைக்குப் போகின்றனர். கீரையும் மீனும் பார்த்து வாங்குகின்றனர். அரிசித் தாளை நீரில் நனைத்து, அதனுள் இலைகளையும் இறாலையும் வைத்துச் சுருட்டப் பழகுகின்றனர். மீனை உப்பிலிட்டுப் பல மாதம் ஊறவைத்து வடிக்கும் ‘நுவோக் மாம்’ என்னும் சாற்றை எவ்வளவு ஊற்ற வேண்டும் என்பதை அந்த வீட்டு மூதாட்டியின் கையைப் பார்த்தே அறிகின்றனர்.

இது தமிழருக்குப் புதியதன்று. பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் புதுவையிலிருந்தும் காரைக்காலிலிருந்தும் அரசு ஊழியராகவும் வீரராகவும் வணிகராகவும் சைகோனுக்குச் சென்ற தமிழர் பலர். நகரத்தார் அங்கே வட்டித்தொழில் நடத்தினர். அந்நகரத்து மாரியம்மன் கோயிலில் இன்று வியட்நாம் மக்களே பெருந்திரளாக வழிபடுகின்றனர். நம் கறியும் அவர்கள் வீட்டில் ‘கா ரி’ என்ற பெயரோடு தங்கிவிட்டது. தேங்காய்ப்பாலும் எலுமிச்சைப்புல்லும் வள்ளிக்கிழங்கும் சேர்த்து அதனைத் தமதாக்கிக்கொண்டனர். வியட்நாமியப் பெண்களை மணந்து திரும்பிய புதுவைக் குடும்பங்களிலோ, ‘நெம்’ என்னும் பொரித்த சுருள் இன்றும் விருந்துப் பண்டமாக விளங்குகிறது. போனவரும் கற்பித்தனர், வந்தவரும் கற்பித்தனர்.

இதனைப் படிக்கும் நம் சங்கத்துக் குடும்பங்களை நோக்கி ஒன்று கேட்கத் தோன்றுகிறது. கடல் கடந்து சென்று அயலார் சமையலைக் கற்போர் இருக்க, கோலார் நாட்டில் மூன்று நான்கு தலைமுறையாக வாழும் நாம், பக்கத்து வீட்டு அடுப்பில் என்ன வேகிறது என்பதை அறிவோமா?

1880-ஆம் ஆண்டில் ஜான் டெய்லர் நிறுவனம் தங்கவயலில் பணியேற்றதன் பின்னர், வட ஆர்க்காடு, சேலம் முதலிய மாவட்டங்களிலிருந்து நம்மவர் திரள் திரளாக வந்தனர். பாலாறு இறங்கிவரும் வழியே அவர்கள் மேல்நோக்கி ஏறினர் எனலாம். இன்று பங்காருபேட்டை எனப்படும் ஊர் அந்நாளில் பௌரிங்பேட்டை. 1862 முதல் 1870 வரை மைசூரின் ஆணையராக இருந்த பௌரிங் என்பவரின் பெயரைத் தாங்கியது. அங்கிருந்து மாரிக்குப்பத்துக்கு 1894-இல் இருப்புப்பாதை இடப்பட்டது. நம் பாட்டன்மார் தகரப்பெட்டியும் பாய்ச்சுருளுமாக வண்டி மாறிய நிலையம் அதுவே.

வந்தவர்கள் கடைவீதிக்கு வேண்டிய கன்னடமும் தெலுங்கும் கற்றனர். தேர்த்திருவிழாவில் ஒன்றாக நின்றனர். ஆயினும் அடுக்களைக்கு இடையே மட்டும் ஒரு சுவர் நின்றது. அதன் பெயர் அரிசி. மாதக்கூலி கைக்கு வந்த வீட்டில் அரிசிச்சோறு மதிப்பின் அடையாளமாயிற்று. கேழ்வரகு ஏழையின் உணவு, காட்டு வேலை செய்வோரின் உணவு என்று ஒதுக்கப்பட்டது. வட ஆர்க்காட்டின் மேட்டு நிலத்தில் நம் முப்பாட்டிமார் நாள்தோறும் களி கிண்டியவர்களே என்பதை நாம் வசதியாக மறந்தோம்.

சென்ற மார்கழியில் நாமும் நம் இல்லத்தரசியும் பங்காருபேட்டைக்கு அருகே ஓர் உழவர் இல்லத்தில் மூன்று நாள் தங்கும் பேறு பெற்றோம். வீட்டுப் பெரியவரான மூதாட்டியை ஊரார் அனைவரும் ‘அஜ்ஜி’ என்றே அழைத்தனர். நாமும் அவ்வாறே அழைத்தோம். முதல் நாள் உச்சிவேளையில் நம் இலையில் வெண்சோறு வந்தது. வீட்டார் தட்டுகளில் முத்தே உருண்டை இருந்தது. ‘எங்களுக்கும் அதுவே வேண்டும்’ என்றோம். அந்த வீட்டு மருமகள் தயங்கினார். ‘விருந்தினருக்கு முத்தே வைப்பதா? அதிலும் நீங்கள் தமிழர், சோறு உண்பவர்’ என்றார்.

நாம் அரிசியால் பெருமை கொண்டதுபோல, அவர்கள் அரிசியின் முன் நாணம் கொண்டிருக்கின்றனர். இரண்டும் ஒரே பிழையின் இரு முகங்கள். வேலூர்ப் பக்கத்தில் நம் பாட்டியார் களிக் கிண்டிய கதையைச் சொன்னோம். அஜ்ஜி வாய்விட்டுச் சிரித்தார். ‘அப்படியானால் இதை உங்களுக்கு நான் ஏனம்மா சொல்லிக்கொடுக்க வேண்டும்?’ என்று நம் இல்லத்தரசியைக் கேட்டார். ஆயினும் மாலையில் அடுப்பருகே பலகை போட்டு அழைத்தார்.

முத்தே செய்யும் முறை இதுவாகும். ஒரு பங்கு கேழ்வரகு மாவுக்கு இரண்டு பங்கு நீர். ஒரு கரண்டி மாவைத் தண்ணீரில் கரைத்துக் கொதிக்கும் உலையில் விட வேண்டும். அது கூழாகிப் பொங்கும்போது, எஞ்சிய மாவை நடுவில் குன்றுபோலக் கொட்ட வேண்டும். உடனே கிளறலாகாது. கோலை நடுவில் ஊன்றிவிட்டுத் தீயைக் குறைத்துக் காத்திருக்க வேண்டும். மாவு அடியிலிருந்து மேலேறி வேகும். ‘இங்கே அவசரப்பட்டால் உள்ளே பச்சை மாவு கட்டியாய் நின்றுவிடும்’ என்றார் அஜ்ஜி. பிறகு பானையைக் கவட்டையான கழியால் அசையாமல் அழுத்திக்கொண்டு, கோலால் வலிமையாகக் கிளற வேண்டும். அக்கவட்டைக் கழியைக் கன்னடத்தில் ‘கவெகோலு’ என்கின்றனர். நம் பழந்தமிழ்க் ‘கவைக்கோல்’ அங்கே இன்னும் வேலை செய்துகொண்டிருக்கிறது. மாவு பளபளப்படைந்து பானையின் பக்கத்தை விட்டு அகன்றதும், ஈரப்பலகையில் கொட்டி, ஈரக்கையால் உருட்டி எடுக்க வேண்டும். சில இல்லங்களில் முதலில் நொய்யரிசியை வேகவைத்து அதன்மேல் மாவு சேர்ப்பதும் உண்டு.

உண்ணும் முறையும் தனி. சிறிது கிள்ளி, சாற்றில் தோய்த்து, மெல்லாமல் விழுங்க வேண்டும். ஆகவே சுவையெல்லாம் சாற்றிலேயே இருக்கிறது. அந்தச் சாறுகளில் தலையாயது ‘பஸ்ஸாரு’. ‘பஸி’ என்றால் வடித்தல். கீரையையும் பயற்றையும் ஒன்றாக வேகவைத்து, நீரை வடித்து எடுத்துக்கொள்கின்றனர். வறுத்த மிளகாய், கொத்தமல்லி, மிளகு, சீரகம், வெங்காயம், பூண்டு, தேங்காய், புளி இவற்றோடு வெந்த கீரைப்பயற்றில் ஒரு கைப்பிடியும் கூட்டி அரைத்து, வடித்த நீரில் கலந்து கொதிக்கவிட்டால் சாறு ஆயிற்று. எஞ்சிய கீரையும் பயறும் கடுகு தாளித்துப் பொரியலாகிறது. ஒரே வேக்காட்டில் இரண்டு கறி. ஒரு துளி நீரும் வீணில்லை. வற்றாத ஆறு ஒன்றேனும் இல்லாத மாவட்டத்தின் அறிவு இந்தச் சாற்றில் இருக்கிறது என்று நமக்குத் தோன்றியது.

மறுநாள் அவரைக்காய். கன்னடர் ‘அவரெக்காளு’ என்பது நம் மொச்சையைத்தான். மார்கழி, தை மாதங்களில் பனியில் நனைந்த காய் வந்து குவியும். உரித்த பயற்றை ஊறவைத்து, மாலையில் வீடே வட்டமாக அமர்ந்து, ஒவ்வொன்றாக விரலிடையில் வைத்துத் தோலைப் பிதுக்கி நீக்குகின்றனர். தோல் மாட்டுக்கு, பருப்பு சாற்றுக்கு. அதற்கு ‘ஹிதுக்கித அவரெபேளெ’ என்று பெயர். வேலூர், கிருட்டிணகிரிப் பக்கத்துத் தாய்மார்களே, நீங்கள் வைக்கும் பிதுக்கம்பருப்புக் குழம்பு இதுவன்றி வேறென்ன? சொல்லும் ஒன்றே. ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் தொடங்கிய ஒலிமாற்றத்தால் கன்னடத்தில் சொல்முதல் பகரம் ஹகரமாயிற்று. பால் ஹாலு ஆனது. பத்து ஹத்து ஆனது. புளி ஹுளி ஆனது. பிதுக்கு ஹிதுக்கு ஆனது. மொழிநூலார் ஏட்டில் காட்டும் உறவை அஜ்ஜியின் விரல்கள் நமக்கு முற்றத்தில் காட்டின.

அரிசியா, கேழ்வரகா என்னும் வழக்கைக் கன்னடப் புலவர் கனகதாசர் பதினாறாம் நூற்றாண்டிலேயே எடுத்துரைத்துள்ளார். அவருடைய ‘ராமதானிய சரிதம்’ என்னும் நூலில் இரு தானியங்களும் யார் உயர்ந்தவர் என்று இராமன் திருமுன் வாதிடுகின்றன. இரண்டையும் ஆறு மாதம் சிறையிலிட ஆணை பிறக்கிறது. காலம் முடிந்து வெளியே வரும்போது அரிசி நலிந்திருக்கிறது. கேழ்வரகோ அப்படியே இருக்கிறது. இராகவன் தன் பெயரையே அதற்கு அளித்தான் என்பது கதை. செல்வர் உணவுக்கும் எளியோர் உணவுக்கும் இடையே தீர்ப்புச் சொன்ன அந்த நூலைக் கோலார் நாட்டுத் தமிழ்ப் பிள்ளைகள் அறிந்திருத்தல் நன்று.

அறிவியலும் இத்தீர்ப்பை ஓரளவு ஒப்புக்கொள்கிறது. நூறு கிராம் கேழ்வரகில் சுண்ணாம்புச்சத்து 300 மில்லிகிராமுக்கு மேல் உள்ளது. அரிசியில் பத்து மில்லிகிராம் அளவே. ஐக்கிய நாடுகள் அவை 2023-ஆம் ஆண்டைச் சிறுதானிய ஆண்டாகக் கொண்டாடிற்று. ஆயினும் ஒன்று கூறவேண்டும். கேழ்வரகு மருந்தன்று. அதிலும் மாச்சத்து மிகுதி. நீரிழிவு உடையோர் பெரிய உருண்டை இரண்டை விழுங்கிவிட்டு, உடலுக்கு நல்லது செய்தோம் என்று எண்ணுதல் ஆகாது. அளவே அறம்.

‘சமையலைக் கற்பதால் ஆவது என்ன? கடையில் எல்லாம் கிடைக்கிறதே’ என்று இளைஞர் கேட்கலாம். பங்காருபேட்டையின் பெயரை இன்று ஊரெங்கும் பரப்புவது தெளிந்த நீர்போன்ற சாறு ஊற்றும் அவ்வூர்ப் பானிபூரியே. அதனைக் கடையில் நின்று உண்ணலாம், மகிழலாம். ஆனால் கடைக்காரருக்கும் நமக்கும் உள்ள உறவு காசு கொடுத்ததும் முடிகிறது. அடுப்பங்கரையில் கற்றதன் உறவு அவ்வாறு முடிவதில்லை.

இதன் பொருளை நம் தலைமுறை நன்கறியும். 1991-ஆம் ஆண்டு டிசம்பரில் காவிரி நீர்ப் பூசல் பெங்களூரில் கலவரமாக மூண்டபோது நம்மவர் பலர் வீடும் உடைமையும் இழந்தனர், உயிரிழந்தோரும் உண்டு. அத்தகைய இரவுகளில் எந்த வீட்டின் கதவைத் தட்டுவது என்பது அன்றைக்கு முடிவாகும் செய்தியன்று. அதற்குப் பல ஆண்டுகள் முன்பே, ஒரு கிண்ணம் சாறு சுவரைத் தாண்டிப் போய்வந்த நாட்களில் முடிவாவது. 2001-ஆம் ஆண்டு பிப்ரவரி 28-ஆம் நாள் சுரங்கம் மூடப்பட்டபின் நம் பிள்ளைகள் விடியுமுன் வண்டியேறிப் பங்காருபேட்டை வழியாகப் பெங்களூருக்கு வேலைக்குச் செல்கின்றனர். பலர் அங்கேயே குடியேறிவிட்டனர். சுரங்கக் குடியிருப்பில் சுற்றிலும் நம்மவரே இருந்தனர். வாடகை வீட்டில் சுற்றிலும் பிறரே இருக்கின்றனர். அண்டை வீட்டாரை அறியாமல் இனி வாழ இயலாது. அச்சத்தோடு வாழ்வது வாழ்வும் ஆகாது.

ஆகவே நம் சங்கத்துக் குடும்பங்களுக்கு ஒரு வேண்டுகோள். இம்மாதம் அண்டை வீட்டு அம்மையாரிடம் ஒரு சாறு, ஒரு பொரியல் கற்றுக்கொள்ளுங்கள். எழுதி வாங்கிக்கொண்டு திரும்பாதீர்கள். அருகே அமர்ந்து கீரை ஆயுங்கள். அவர் பயன்படுத்தும் சொல்லையே கேட்டுச் சொல்லுங்கள். கற்றதற்கு ஈடாக நம் வீட்டு வத்தக்குழம்பையோ கொழுக்கட்டையையோ அவருக்குக் கற்பியுங்கள். வெறும் கிண்ணத்தைத் திருப்பி அனுப்பலாகாது என்பது நம் வழக்கமும் அவர்கள் வழக்கமும் ஆகும்.

முதியோர் இருக்கும் வீடாயின் காலம் தாழ்த்தாதீர்கள். அஜ்ஜியிடம் கோல் இருக்கிறது, பானை இருக்கிறது. ஆனால் அவருடைய பேத்திகள் நகரத்தில் இருக்கின்றனர். மாவு எப்போது வெந்தது என்பதை அவர் மணத்தால் அறிகிறார். அதனை எந்த ஏட்டிலும் எழுதிவைக்க முடியாது. பக்கத்தில் அமர்ந்தவருக்கே அது கிட்டும்.