கிட்டப்பாவுக்கு என்ன சம்பளம்?

செங்கோட்டை என்றதும் முதலில் வாஞ்சிநாதன் ஞாபகத்துக்கு வருவார். அடுத்தது எஸ்.ஜி.கிட்டப்பா. மைக் இல்லாத காலத்தில் கொட்டகையின் கடைசி வரிசை தரை டிக்கெட்காரருக்கும் கேட்கிற மாதிரி பாடியவர். சிற்றாற்றுக்கரையிலிருந்து சீவலப்பேரி வரை, அதாவது சிற்றாறு தாமிரபரணியோடு சேருகிற இடம் வரைக்கும், பழைய ஆட்களிடம் பேச்சுக் கொடுத்துப் பாருங்கள். கிட்டப்பா பேரைச் சொன்னால் ஒரு வார்த்தை தவறாமல் வந்து விழும்.

‘பிறவிக் கலைஞன்!’

எனக்கு அந்த வார்த்தையோடுதான் தகராறு.

கிட்டப்பா பிறந்தது 1906 ஆகஸ்ட் 25. மேடை ஏறியது ஐந்தாறு வயதில். வீட்டில் வறுமை. அண்ணன்மார் நாடகத்துக்குப் போனார்கள், பின்னாலேயே இவரும் போனார். பால்பல் விழுகிற வயதில் ஊர் ஊராகப் பயணம், கடல் தாண்டி இலங்கைக்கும் பயணம். பதின்மூன்று வயதில் கன்னையா கம்பெனி. அங்கே ‘தசாவதார’த்தில் அவர் பாட்டைக் கேட்கக் கூட்டம் நெரிந்தது. 1933 டிசம்பர் 2-ம் தேதி இறந்துபோனார். வயது 27.

இருபத்தேழு வருஷ வாழ்க்கையில் இருபது வருஷத்துக்கு மேல் உழைப்பு. இதை வேறு எந்தத் தொழிலில் ஒரு பையன் செய்திருந்தாலும் நாம் என்ன பெயர் வைத்திருப்போம்? பாட்டுப் பாடினான் என்பதால் ‘பிறவிக் கலைஞன்’ என்று சொல்லிவிட்டோம். பிறக்கும்போதே கொண்டுவந்தது என்று சொல்லிவிட்டால் வசதி. யார் அனுப்பினார்கள், எத்தனை மணி நேரம் நின்றான், காசு யார் கைக்குப் போனது என்று யாரும் கேட்க வேண்டியதில்லை பாருங்கள்.

*

பாய்ஸ் கம்பெனி என்று ஒன்று இருந்தது. இன்றைய இளைஞர்களுக்குச் சினிமாக்காரர்களின் பழைய பேட்டிகள் மூலம்தான் தெரியும். பெரிய நடிகர்கள் சொன்ன பேச்சுக் கேட்பதில்லை, நேரத்துக்கு வருவதில்லை. பையன்களை வைத்து நடத்தினால் கட்டுப்பாடாக இருக்கும். இதுதான் அடிப்படை யோசனை. இதைச் சிறப்பாகச் செய்து காட்டியவர் சங்கரதாஸ் சுவாமிகள். அவரும் நம்ம சீமைக்காரர்தான். 1867-ல் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தவர். இன்றைக்கு அது தூத்துக்குடி மாவட்டம், அன்றைக்குத் திருநெல்வேலி. 1922-ல், பிரெஞ்சுக்காரர்கள் ஆண்டுகொண்டிருந்த புதுச்சேரியில் காலமானார். தமிழ் நாடகத்துக்கு அவர் செய்ததை யாரும் குறைத்துப் பேச முடியாது. நானும் பேசவில்லை.

ஆனால் ‘கட்டுப்பாடாக இருப்பான்’ என்பதற்கு என்ன அர்த்தம்? எதிர்த்துப் பேச மாட்டான். சம்பளம் உயர்த்திக் கேட்க மாட்டான். ராத்திரி நாடகம் முடிந்து விடிகாலையில் படுத்தாலும் மறுநாள் எழுப்பினால் எழுந்திருப்பான். ஊருக்குப் போகிறேன் என்று சொன்னால் பஸ்ஸுக்குக் காசு கிடையாது. கட்டுப்பாடு வராமல் எங்கே போகும்?

1918-ல் சுவாமிகளின் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் சேர்ந்தபோது அவ்வை டி.கே.சண்முகத்துக்கு வயது ஆறு. ‘எனது நாடக வாழ்க்கை’ என்று அவர் எழுதிய புத்தகத்தை வாங்கிப் படியுங்கள். நாடகத்தின் மேல் அவ்வளவு பிரியமாக எழுதியிருக்கிறார். அந்தப் பிரியத்துக்கு நடுவிலேயே, ஒரு சின்னப் பையன் எவ்வளவு பெரிய பாரத்தைத் தூக்கியிருக்கிறான் என்பதும் தெரியும்.

இன்னொரு விஷயம், மகரக்கட்டு. பையனுக்குப் பதின்மூன்று பதினாலு வயதில் குரல் உடைகிற பருவத்தை நாடகக்காரர்கள் அப்படித்தான் சொல்வார்கள். நேற்றுவரை ராஜபார்ட், ஸ்திரீபார்ட். இன்றைக்குக் குரல் கரகரவென்று போய்விட்டால் கூட்டத்தில் நிற்கிற வேஷம், இல்லையென்றால் மூட்டை முடிச்சைக் கட்ட வேண்டியதுதான். படிப்பும் இல்லை, வேறு தொழிலும் தெரியாது. தன் உடம்பு வளர்ந்ததே தான் செய்த குற்றம் என்கிற மாதிரி ஆகிவிடும்.

*

இதைச் சொன்னால் அண்ணாச்சி ஒருத்தர் உடனே கையை நீட்டுவார்.

“என்ன இப்படிச் சொல்லுதீக? எம்.ஜி.ஆர். பாய்ஸ் கம்பெனியில இருந்து வரலையா? சிவாஜி வரலையா? அவுகள்லாம் முன்னுக்கு வந்துட்டாகளே!”

வந்தார்கள். எம்.ஜி.ஆர். ஆறேழு வயதில் சேர்ந்ததற்குக் காரணம் கலைத்தாகம் இல்லை, பசி. சிவாஜி கணேசன் ஏழு வயதுவாக்கில் வீட்டைவிட்டு நாடகத்துக்கு ஓடியவர். என்.எஸ்.கிருஷ்ணன், பி.யு.சின்னப்பா, கே.ஆர்.ராமசாமி என்று இன்னும் பத்துப் பதினைந்து பேர் சொல்லலாம். அதற்குமேல் சொல்லுங்கள் பார்ப்போம்! ஒரு கம்பெனியில் முப்பது நாற்பது பையன்கள். அப்படி எத்தனை கம்பெனிகள், எத்தனை வருஷங்கள்! மிச்சப் பையன்கள் எங்கே போனார்கள்? ஜெயித்தவன் சுயசரிதை எழுதுவான். காணாமல் போனவனுக்குப் பேப்பரும் கிடையாது, பேனாவும் கிடையாது. லாட்டரியில் விழுந்தவனை மட்டும் காட்டி, லாட்டரி நல்ல தொழில் என்று சொல்வதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

கே.பி.சுந்தராம்பாளையே எடுத்துக்கொள்ளுங்கள். ரயிலில் பாடிக் காசு வாங்கிய கொடுமுடிச் சிறுமி. பிற்பாடு கிட்டப்பாவோடு மேடையில் ஜோடி, பிறகு வாழ்க்கையிலும் ஜோடி. கிட்டப்பா போனபோது அந்த அம்மாளுக்கு இருபத்தைந்து வயதுதான். வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டார். 1935-ல் ‘பக்த நந்தனார்’ படத்துக்குக் கூப்பிட்டபோது ஒரு லட்சம் ரூபாய் சம்பளம். அன்றைக்கு நாடே வாயைப் பிளந்த தொகை. பெரிய மனுஷியாக இருந்ததால் தன் விலையைத் தானே சொல்ல முடிந்தது. ரயில் பெட்டியில் நின்ற சிறுமியால் சொல்ல முடிந்திருக்குமா? குழந்தைக்கும் பெரியவருக்கும் உள்ள வித்தியாசமே அதுதான். குழந்தையின் குரல் குழந்தையுடையது. அதன் விலையை எப்போதும் வேறு ஒருத்தர்தான் பேசுகிறார்.

*

இதெல்லாம் பழைய கதைதானே என்று நினைக்கிறீர்களா? டி.வி.யைப் போடுங்கள்.

எட்டு வயதுப் பிள்ளை ஆறு மாதம் பாட்டுப் போட்டியில் நிற்கிறது. தோற்றால் குளோசப்பில் அழுகை. நடுவரும் கண்ணைத் துடைக்கிறார். அம்மாவையும் காட்டுகிறார்கள், பின்னணியில் வயலின். அது முடிந்தால் செல்போன். வண்ணார்பேட்டையிலும் பாளையங்கோட்டையிலும் இன்றைக்கு வீட்டு ஹாலே ஸ்டூடியோ. ‘ஏட்டி, இன்னொரு தடவ சொல்லு, சிரிச்சிட்டே சொல்லு’ என்று அதே வசனத்தைப் பத்துத் தடவை சொல்ல வைக்கிறார்கள். பிள்ளைக்குத் தூக்கம் வருகிறது. அதையும் எடுத்துப் போடுகிறார்கள். லைக் நன்றாக விழுகிறது.

இந்த ஆற்றங்கரையில் குழந்தைத் தொழிலாளர் என்றால் என்னவென்று யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. முக்கூடல், ஆலங்குளம், மேலப்பாளையம் பக்கத்துப் பீடித் தட்டுகளை நாம் பார்த்திருக்கிறோம். பீடி சுற்றுகிற பிள்ளையைப் பார்த்தால் ‘ஐயோ பாவம்’ என்கிறோம். அதே வயதுப் பிள்ளை விளக்கு வெளிச்சத்தில் நின்றால் விசில் அடிக்கிறோம். வெளிச்சம் விழுந்தால் வேலை விளையாட்டாகிவிடுமா?

2024-ல் வெளிவந்த மாரி செல்வராஜின் ‘வாழை’ படத்தைப் பார்த்திருப்பீர்கள். தாமிரபரணியின் கீழ்ப்பகுதி வாழைத்தோட்டங்களில் பள்ளிக்கூடப் பையன்கள் லீவு நாளில் தார் சுமக்கிற கதை. தியேட்டரில் அழாதவர்கள் குறைவு. அந்தப் படத்தின் மேல் எனக்கு எந்தப் புகாரும் இல்லை. ஆனால் அது எழுப்புகிற ஒரு கேள்வி எல்லாப் படங்களுக்கும் பொருந்தும். வாழைத்தார் சுமப்பது வேலை. வாழைத்தார் சுமப்பதாக நடிப்பது?

அதுவும் வேலைதான். நான் சொல்லவில்லை, இந்தியச் சட்டம் சொல்கிறது.

*

பதினான்கு வயதுக்குக் கீழே எந்த வேலையும் கூடாது என்று 2016-ல் குழந்தைத் தொழிலாளர் சட்டத்தைத் திருத்தினார்கள். இரண்டு விதிவிலக்கு வைத்தார்கள். ஒன்று, பள்ளி நேரம் போக, ஆபத்தில்லாத குடும்பத் தொழிலில் உதவுவது. இரண்டாவது, குழந்தைக் கலைஞர். சர்க்கஸ் மட்டும் கூடாது. அந்தக் கலைஞருக்காக 2017-ல் விதிகளும் வந்தன. கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

படப்பிடிப்புக்கு முன்பு மாவட்ட கலெக்டரிடம் அனுமதி வாங்க வேண்டும். ஒரு நாளைக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. ஓய்வில்லாமல் தொடர்ந்து மூன்று மணி நேரத்துக்கு மேல் கூடாது. தொடர்ச்சியாக 27 நாளுக்கு மேல் கூடாது. படிப்பு கெடக் கூடாது. ஐந்து பிள்ளைகளுக்கு ஒருத்தராவது பொறுப்பாளர் கூடவே இருக்க வேண்டும். பிள்ளைக்கு இஷ்டமில்லாததைச் செய்யச் சொல்லக் கூடாது. வருமானத்தில் குறைந்தது 20 சதவிகிதம் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் பிள்ளை பேரில் வைப்புத்தொகையாகப் போட வேண்டும். பதினெட்டு வயதானதும் பிள்ளை எடுத்துக்கொள்ளும்.

நல்ல விதிகள்தானே? உங்களுக்குத் தெரிந்த எந்தக் குழந்தை நட்சத்திரத்தின் அப்பாவாவது இதைப் பற்றிப் பேசிக் கேட்டிருக்கிறீர்களா? கார் வாங்கிய பேட்டி வரும். வீடு கட்டிய பேட்டி வரும். பாஸ்புக்கைக் காட்டிய பேட்டி வருமா?

வீட்டு ஹாலில் நடக்கிற படப்பிடிப்புக்கும் ஒரு வழி யோசித்தார்கள். தேசியக் குழந்தைகள் உரிமைப் பாதுகாப்பு ஆணையம் 2022-ல் வெளியிட்ட வரைவு நெறிமுறையில் சமூக ஊடக வீடியோக்களையும் சேர்த்தது. எழுத்தில் சேர்த்தாகிவிட்டது. ஹாலுக்குள் வந்து பார்க்க யார் இருக்கிறார்கள்?

வெளிநாட்டிலும் இது தானாக வந்த ஞானம் இல்லை. சார்லி சாப்ளினோடு ‘தி கிட்’ படத்தில் 1921-ல் நடித்த ஜாக்கி கூகன் பையனை உலகமே கொஞ்சியது. அவன் சம்பாதித்தது முப்பது, நாற்பது லட்சம் டாலர் என்று கணக்குச் சொல்வார்கள். வளர்ந்து ஆளானபிறகு பார்த்தால் பணம் இல்லை. பெற்ற தாய் மேலும் மாற்றாந்தகப்பன் மேலும் 1938-ல் வழக்குப் போட்டு, கடைசியில் கிடைத்தது சுமார் 1,26,000 டாலர். அந்த அவமானத்தில்தான் 1939-ல் கலிபோர்னியாவில் சட்டம் வந்தது. பிரான்ஸில் பதினாறு வயதுக்குட்பட்டவர் நடிக்க அரசு அனுமதி வேண்டும். சம்பாத்தியத்தின் பெரும்பகுதி அரசு சார்ந்த நிதி நிறுவனத்தில் பூட்டப்பட்டிருக்கும். 2020-ல் யூ டியூப் பிள்ளைகளுக்கும் இதே மாதிரி பாதுகாப்பு கொடுத்துச் சட்டம் போட்டார்கள். அங்கே பெற்றவர்கள் எல்லாம் கெட்டவர்கள் என்று அர்த்தமில்லை. பெற்ற பாசமும் பணமும் ஒரே பையில் இருந்தால் கணக்குத் தப்பிப்போகும் என்று தெரிந்துகொண்டார்கள். அவ்வளவுதான்.

*

‘பிள்ளை ஆசைப்படுது, ஆடட்டுமே’ என்பது அடுத்த வாதம். ஆடட்டும். கோயில் கொடையில் ஆடட்டும், பள்ளி ஆண்டுவிழாவில் பாடட்டும். சினிமாவில்கூட நடிக்கட்டும். பிள்ளை ஆசைப்படுவதற்கு நான் எதிரி இல்லை. ஆனால் ஆசையாகச் செய்கிற வேலைக்குக் கூலி வேண்டாம், ஓய்வு வேண்டாம் என்று பெரியவர்களிடம் யாராவது சொல்லிப் பார்க்கட்டும். நாளைக்கே கொடி பிடித்து ஜங்ஷனில் உட்கார்ந்துவிட மாட்டார்களா? குழந்தைக்குக் கொடி பிடிக்கத் தெரியாது.

ஆகவே அரசாங்கத்துக்கு ஒரு யோசனை. படத்தில் ஒரு காளை மாடு வந்தாலும் அதைத் துன்புறுத்தவில்லை என்று விலங்குகள் நல வாரியத்தின் சான்றிதழ் கேட்கிறீர்கள். நல்லது. அதே மேஜையில், படத்தில் நடித்த பிள்ளையின் வைப்புத்தொகை ரசீதையும் கேளுங்கள். ரசீது இல்லையென்றால் தணிக்கைச் சான்றிதழும் இல்லை. இதற்குப் புதுச் சட்டம்கூட வேண்டாம், இருக்கிற விதியை மதிக்க ஒரு ஏற்பாடு போதும்.

வாசகர்களுக்கும் ஒன்று. உங்கள் தெருவில் ஒரு பிள்ளை டி.வி.யில் வந்துவிட்டது என்று பெருமையாகச் சொல்வார்கள். வாழ்த்துங்கள், மிட்டாயும் வாங்கிக் கொடுங்கள். கூடவே மூன்று கேள்வி கேளுங்கள். எத்தனை மணிக்கு விட்டார்கள்? பள்ளிக்கூடம் எத்தனை நாள் போச்சு? பாங்கில் எவ்வளவு போட்டிருக்கு? முகம் சுளிப்பார்கள். பரவாயில்லை.

கிட்டப்பாவின் குரலை இசைத்தட்டில் இன்றைக்கும் கேட்கலாம். கேட்கிறவர்கள் உருகுகிறார்கள். அந்த ஐந்தாறு வயதுச் செங்கோட்டைப் பையனிடம் என்ன சம்பளம், போதுமா, தூங்கினாயா என்று கேட்க அன்றைக்கு ஆள் இல்லை, விதியும் இல்லை. இன்றைக்கு விதி இருக்கிறது. கேட்கிற ஆள்தான் இன்னும் வரவில்லை.