கெடு யாருக்கு?

சோமனூரில் கரண்ட் பில் கெடு தாண்டினால் விசைத்தறிக் கூடத்தில் பியூஸைப் பிடுங்க ஆள் வந்துவிடும். 'அப்பா ஆஸ்பத்திரியில், ரசீது மேஜை டிராயரில்' என்றெல்லாம் சொன்னால் எடுபடாது. நீதிமன்றம் கட்டச் சொன்ன இழப்பீட்டை அரசு அமைப்பு கட்டாமலிருந்தால் மட்டும் கணக்கு வேறு.

அரசு பஸ் மோதி ஒருவர் இறந்தால் மோட்டார் வாகன விபத்துத் தீர்ப்பாயம் தொகையை நிர்ணயிக்கிறது. மேல்முறையீட்டுக்குக் கெடு 90 நாள். அதற்கு முன்பணமாக 25,000 ரூபாய், அல்லது தீர்ப்புத் தொகையில் பாதி, இதில் எது குறைவோ அதைக் கட்டினால் போதும். தீர்ப்பு இருபது லட்சமானாலும் சட்டம் கேட்பது இருபத்தைந்தாயிரம்தான். கெடு தாண்டினாலும் தாமதத்தை மன்னிக்கக் கோரி ஒரு மனு போடலாம். பணம் வராவிட்டால் குடும்பம், தீர்ப்பை நிறைவேற்றக் கோரும் மனுவோடு திரும்பவும் கோர்ட் படியேற வேண்டும். கடைசியில் ஒருநாள் பஸ் நிலையத்தில் அமீனா வந்து நிற்பார். சீட்டில் உட்கார்ந்த பயணிகள் கூடையைத் தூக்கிக்கொண்டு இறங்குவார்கள், பஸ் கோர்ட் வளாகத்துக்குப் போகும். மறுநாள் பேப்பரில் 'அரசு பஸ் ஜப்தி' என்று நாலு வரி வரும்.

தாமதத்தை மன்னிக்கும் இந்தச் சலுகைக்கு ஒரு நியாயம் இருந்தது. காஷ்மீர் அனந்தநாக்கில் எடுத்த நிலத்துக்கு இழப்பீடு எட்டு மடங்காக உயர்ந்தது. அதை எதிர்த்த அரசின் மேல்முறையீடு நான்கு நாள் தாமதம் என்று தள்ளுபடியானது. 1987-ல் உச்ச நீதிமன்றம் அந்த நான்கு நாளை மன்னித்தது. பொதுப்பணத்தைக் காக்க வேண்டியவர்களுக்குக் கொஞ்சம் அவகாசம் தரலாம் என்பது சரிதான். எல்லா மேல்முறையீடும் வீம்புக்குப் போடுவதல்ல.

ஆனால் நான்கு நாளுக்குக் கிடைத்த மன்னிப்பைக் காட்டியே அரசு வக்கீல்கள் வருடக்கணக்குக்கும் மன்னிப்புக் கேட்கத் தொடங்கினார்கள். 2012-ல் அஞ்சல் துறை 427 நாள் கழித்து வந்தது. உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. 2020-ல் மத்தியப் பிரதேச அரசு 663 நாள் கழித்து வந்தபோது நீதிபதிகளுக்குப் பொறுமை போய்விட்டது. இத்தகைய மனுக்களை அவர்கள் 'சான்றிதழ் வழக்குகள்' என்றார்கள். ஜெயிப்பதற்காகப் போடுவதில்லை; 'உச்ச நீதிமன்றமே தள்ளிவிட்டது' என்று கோப்பை மூடி, உள்ளே யாரும் மாட்டாமல் தப்பிக்கப் போடுவது. அபராதம் 25,000 ரூபாய், பொறுப்பான அதிகாரிகளிடமிருந்தே வசூலிக்கச் சொன்னார்கள்.

2025 செப்டம்பரில் வந்த வழக்கு அதையும் தூக்கிச் சாப்பிட்டது. கர்நாடக வீட்டுவசதி வாரியம், தான் வளைத்துக்கொண்ட நிலத்துக்கு இழப்பீடு தரச் சொன்ன தீர்ப்பை எதிர்த்து 3,966 நாள், ஏறக்குறைய பதினோரு வருடம் கழித்து மேல்முறையீடு செய்தது. உயர் நீதிமன்றம் அதையும் மன்னித்திருந்தது! நீதிபதிகள் பர்திவாலாவும், சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன மகாதேவனும் அந்த மன்னிப்பை ரத்து செய்தார்கள்.

கோப்பு தூங்கும்போது வட்டி தூங்குவதில்லை. 2013 வரை அமலில் இருந்த 1894-ம் வருடத்து நிலமெடுப்புச் சட்டத்தில், நீதிமன்றம் கூட்டித்தந்த தொகைக்கு முதல் வருடம் 9 சதவீதம், அதன்பின் 15 என்று இருந்தது. அதுவும் வரிப்பணம்தான். பொதுப்பணத்தைக் காக்கிறோம் என்ற வாதம் இங்கேயே அடிபட்டுப் போகிறது.

சோமனூர்க்காரர்களுக்கு இது தூரத்துச் சங்கதி இல்லை. 2017 செப்டம்பர் 7-ம் தேதி இங்கே பஸ் நிலையத்தின் மேற்கூரை இடிந்து விழுந்து ஐந்து பேர் இறந்தார்கள். பஸ் மோதினால் தீர்ப்பாயம் இருக்கிறது. பஸ் நிலையமே தலையில் விழுந்தால் அப்படித் தனித் தீர்ப்பாயம் கிடையாது. அரசு அறிவிக்கும் நிவாரணத்துக்கு மேல் வேண்டுமென்றால் சிவில் கோர்ட் அல்லது உயர் நீதிமன்றம். அங்கே ஜெயித்தாலும் மேல்முறையீட்டுப் படிகள் வரிசையாக நிற்கும்.

கெடு தாண்டி வரும் அரசு அமைப்பு, முழுத்தொகையையும் வட்டியோடு கட்டிவிட்டுத்தான் பேச வேண்டும். அதில் பாதியை எதிர்த்தரப்பு உடனே எடுத்துக்கொள்ள விட வேண்டும். தாமத மனுவோடு, கோப்பு எந்த மேஜையில் எத்தனை நாள் கிடந்தது என்ற பட்டியலையும் சேர்க்கச் சொல்லலாம். அபராதம் யாருடைய சம்பளத்தில் பிடிபட வேண்டும் என்பதற்கு அந்தப் பட்டியலே போதும்.