சுறாவின் வாயும் வயிறும்

சுறா என்றதும் நம்மவர் நினைவில் எழுவது அதன் வாய்தான். முத்துச் சலாபத்தின்போது மந்திரம் சொல்லி அந்த வாயைக் கட்டுவதற்கென்றே கடல்கட்டிகள் இருந்தார்கள். பதின்மூன்றாம் நூற்றாண்டில் இக்கரையைப் பற்றி எழுதிய மார்க்கோ போலோ, எடுத்த முத்தில் இருபதில் ஒரு பங்கு அவர்களுக்குப் போனதாகக் குறிக்கிறார். வெள்ளையர் ஆட்சியிலும் அவர்களை விலக்க முடியவில்லை. மந்திரத்தை நம்பாத துரைமார்களும், கடல்கட்டி இல்லாமல் குளியாட்கள் இறங்கமாட்டார்கள் என்பதை நம்பினார்கள்! 1961-இல் தூத்துக்குடியின் கடைசிச் சலாபம் முடிந்தது. அச்சம் மட்டும் முடியவில்லை.

விலங்கியல் மாணவன் என்ற முறையில் நான் சொல்ல விரும்புவது, இன்று நாம் கவலைப்பட வேண்டியது சுறாவின் வாயைப் பற்றியன்று, வயிற்றைப் பற்றி என்பதே.

ஆஸ்திரேலியாவின் தென்கடலில் போர்ட் ஜாக்சன் சுறா உண்டு. காளைத்தலைச் சுறாக் குடும்பத்தைச் சேர்ந்தது. மொண்ணைத் தலை, இரு முதுகுத் துடுப்புகளின் முன்னும் ஒவ்வொரு முள். முன்பற்கள் கூர்மை, பின்பற்களோ சிப்பியை நொறுக்குவதற்கேற்ற அம்மிக்கல். அதன் முட்டை திருகாணிபோல் புரியிட்டது. அதைத் தாய் வாயால் கவ்விப் பாறை இடுக்கில் செருகி வைக்கும். குட்டி வெளிவரப் பத்துப் பன்னிரண்டு மாதங்கள் ஆகும். நம் கடலிலும் சாம்பல்நிற மூங்கில் சுறா முட்டையிடும் இனமே. ஆனால் நம் சந்தைக்கு வரும் பால்சுறா குட்டி போடுவது. வயிற்றிலுள்ள குட்டிக்குத் தொப்புள்கொடி வழியே ஊட்டம் போகிறது. கர்ப்பம் ஏறத்தாழ ஓராண்டு. ஈற்றுக்கு ஒன்று முதல் எட்டுக் குட்டிகள், அவ்வளவே.

அந்தப் பால்சுறாவைத்தான் பிள்ளை பெற்றவளுக்குப் பால் ஊறப் புட்டாக்கிக் கொடுக்கிறோம். என் அக்காளுக்கும் அம்மா கொடுத்தாள். நான் அதைக் குறை சொல்லவில்லை. சினையான சுறாவையும் முழம்கூட இல்லாத அதன் குட்டியையும் ஒரே கூறில் போட்டு விற்பதைத்தான் குறை சொல்கிறேன். திரேஸ்புரம் கரையில் நான் கண்ட காட்சி இது.

சட்டம் இல்லையா என்பீர்கள். இருக்கிறது. 2001 ஜூலையில் அரசு சுறா, திருக்கை அனைத்தையும் ஒரேயடியாகத் தடைப்பட்டியலில் சேர்த்தது. மீனவர் எதிர்ப்பால் டிசம்பரிலேயே அதைப் பத்து இனங்களாகக் குறைத்தது. 2015-இல் துடுப்பு ஏற்றுமதி நின்றது. 2022-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் பட்டியலை நீட்டியது. பால்சுறாவைக் காப்பதாகச் சொல்லத்தக்கது விசைப்படகுகளுக்கான 61 நாள் தடைக்காலம் ஒன்றே. ஆயிரமாயிரமாய் முட்டையிடும் மீனுக்கு இரண்டு மாதம் போதலாம். ஓராண்டு சுமப்பவளுக்கு அது எம்மூலைக்கு?

பட்டினப்பாலையில் பரதவர் சினைச் சுறாவின் கொம்பை நட்டுத் தெய்வமாக வழிபடுகிறார்கள். கொம்புடையது என்றால் அது வேளாவாகத்தான் இருக்க வேண்டும் என்பது என் எண்ணம். எதுவாயினும், அது சினைப்பட்டது என்பதைப் புலவர் கவனித்துச் சொல்லியிருக்கிறார். நம் ஏலக்களத்தில் அதைக் கவனிப்பார் இல்லை.

என் யோசனை சிறியது. முழத்துக்குக் குறைந்த பால்சுறாவை ஏலம் விடக்கூடாது. வலையில் செத்து வந்ததைக் கடலில் எறிவதா என்று கேட்பார்கள், நியாயமான கேள்வி. ஆனால் குட்டிக்கு விலை இருக்கும்வரை, குட்டி திரியும் கரையோரத்தில் வலை விழுந்துகொண்டேதான் இருக்கும். விலை போனால் அந்த இடத்தைப் படகுக்காரரே விட்டுவிடுவார். விதியை முதலில் விசைப்படகுத் துறைமுகத்தில் நடைமுறைப்படுத்தட்டும். ஒரு நாள் பாட்டுக்கு இறங்கும் வள்ளக்காரருக்கு, தடைக்கால நிவாரணத்தைப் போலவே ஈட்டுத்தொகை வகுத்துவிட்டு, அதன் பிறகு விதியைக் கொண்டு வரட்டும்.