பட்டம் தெளிப்பவர்கள்

சென்ற கோடையில் ஸ்காபரோவில் ஒரு நண்பர் வீட்டுப் பின்வளவில் கூடியிருந்தோம். நெருப்பில் இறைச்சி வாட்டிக்கொண்டு நின்ற அவருடைய மகனின் ரீ சேட்டில் ஒரு மனிதத் தலை. கன்னத்தில் வர்ணக் கோடு, தலையில் இறகு, கூவுவதற்குத் திறந்த வாய். புளோரிடா மாநிலப் பல்கலைக்கழக அணியான 'செமினோல்ஸ்' அணியின் சின்னம் அது. சுற்றுலா போன இடத்தில் வாங்கியதாம். "இது ஆற்றை முகம் எண்டு தெரியுமோ தம்பி?" என்று கேட்டேன். அவன் சிரித்து மழுப்பினான். தகப்பன்தான் பதில் சொன்னார்.

"உங்களுக்கு எல்லாத்திலையும் ஒரு பிரச்சினைதான் அண்ணை. அந்தச் சனத்துக்கு மரியாதை செய்யத்தானே பேர் வைச்சிருக்கிறாங்கள். எங்கட பேரை ஒருத்தன் தன்ரை ரீமுக்கு வைச்சா நாங்கள் சந்தோசப்பட மாட்டமோ?"

அதற்குள் சாப்பாடு வந்துவிட்டது, பேச்சு மாறிவிட்டது. ஆனால் கேள்வி நியாயமானது. அமெரிக்கப் பல்கலைக்கழகங்கள் பல, பல ஆண்டுகளாகச் சொல்லிவரும் நியாயமும் அதுதான்: இது மரியாதை. ஆகவே நண்பருக்குச் சொல்லாமல் விட்ட பதிலை இங்கே எழுதுகிறேன்.

யாழ்ப்பாணத்துப் பள்ளிக்கூடத்தில் படித்தவர்களுக்குப் பட்டம் தெளிப்பது என்றால் என்னவென்று விளக்கவேண்டியதில்லை. நெட்டையனுக்கு ஒரு பட்டம், திக்கித் திக்கிக் கதைப்பவனுக்கு ஒரு பட்டம், கணக்கு வாத்தியாருக்கு ஒரு பட்டம். தெளிப்பவன் எப்போதும் கூட்டத்தோடு நிற்பான். வாங்குபவன் தனியே நிற்பான். சில கெட்டிக்காரர்கள் மட்டும் தெளித்த பட்டத்தைத் தாங்களே எடுத்துத் தலையில் வைத்துக்கொள்வார்கள். அதோடு அதன் நஞ்சு இறங்கிவிடும்.

அமெரிக்கக் கல்லூரி அணிகளிலும் இந்தக் கெட்டிக்காரர்கள் உண்டு. 1891இல் இந்தியானாவின் பர்டியூ பல்கலைக்கழகம் வோபாஷ் கல்லூரியை ஃபுட்போலில் மண்கவ்வ வைத்தது. தோற்றவர்களின் ஊர்ப் பத்திரிகை எரிச்சலில், வென்றவர்களைக் கொதிகலன் செய்யும் முரடர்கள் என்று எழுதியது. தொழிற்கல்விக்குப் பேர்போன பர்டியூவின் மாணவர்களுக்கு அந்தப் பெயர் பிடித்துப்போயிற்று. இன்றைக்கும் அவர்கள் 'பொயிலர்மேக்கர்ஸ்'. கலிபோர்னியாவின் சாந்தா குரூஸ் வளாகத்தில் நிர்வாகம் கடற்சிங்கம் என்று கம்பீரமாகப் பெயர் வைத்தது. மாணவர்களோ தங்கள் காட்டில் ஊரும் ஓடில்லாத மஞ்சள் நத்தைதான் வேண்டும் என்று 1986இல் வாக்குப்போட்டு வென்றார்கள். நோத்ர டாம் பல்கலைக்கழகத்தின் 'சண்டைக்கார ஐரிஷ்காரர்' என்ற பெயரையும் பலர் உதாரணம் காட்டுவார்கள். ஐரிஷ்காரன் கோபிக்கவில்லையே, இவர்கள் மட்டும் ஏன் கோபிக்கிறார்கள் என்பார்கள். 1927இல் அந்தப் பெயரை ஏற்றுக்கொண்டபோது அங்கே படித்தவர்களிலும் படிப்பித்தவர்களிலும் ஐரிஷ் வம்சாவளியினர் நிறைந்திருந்தார்கள். தங்களுக்குத் தாங்களே வைத்துக்கொண்டார்கள். வித்தியாசம் அவ்வளவுதான். ஆனால் அதுதான் முழு வித்தியாசமும்.

இனி மற்ற வகைக்கு வருவோம்.

வட டகோட்டா பல்கலைக்கழக அணிக்கு முதலில் ஒரு வகை நில அணிலின் பெயர் இருந்தது. எதிரணியான வேளாண் கல்லூரியின் பெயர் காட்டெருமை. அணிலை வைத்துக்கொண்டு எருமையோடு மோதுவது கேவலமாகப் பட்டது. 1930இல் 'சியூ' என்று மாற்றினார்கள். சொன்ன காரணங்களில் ஒன்று, காட்டெருமையை அழிக்க வல்லவர்கள் சியூக்கள் என்பது. இதைப் படித்தபோது எனக்குச் சிரிப்பும் வந்தது, வயிறும் எரிந்தது. அந்தச் சமவெளியில் காட்டெருமையைத் தோலுக்காகச் சுட்டு, சில ஆண்டுகளில் ஏறக்குறைய இல்லாமலே ஆக்கியவர்கள் வெள்ளை வேட்டைக்காரர்கள். அதனால் பட்டினி கிடந்து ஒதுக்கு நிலங்களுக்குள் அடைபட்டவர்கள் இந்தச் 'சியூ'க்கள். அந்தப் பெயரும் அவர்களுடையதல்ல. அயலவரான ஒஜிப்வேக்கள் சொன்ன சொல்லைப் பிரெஞ்சுக்காரர் நறுக்கி எடுத்தது. அவர்கள் தங்களை டகோட்டா, லகோட்டா என்றுதான் அழைத்தார்கள். தோழர், கூட்டாளி என்று பொருள். மாநிலத்தின் பெயரிலேயே தோழர் இருக்கிறார். அணியின் பெயரில் அவர் 'சண்டைக்காரச் சியூ' ஆகிவிட்டார்.

அந்த மரியாதைக்கு ஒரு விலையும் இருந்தது. 2000ஆம் ஆண்டின் இறுதியில், பெயரை மாற்றலாமா என்ற பேச்சு நடந்துகொண்டிருந்தது. பழைய மாணவரும் லாஸ் வேகாஸ் சூதாட்ட விடுதி முதலாளியுமான ரால்ஃப் எங்கெல்ஸ்ராட் ஒரு கடிதம் எழுதினார். பெயரை மாற்றினால், தான் பத்துக் கோடி டொலர் செலவில் கட்டிக்கொடுக்கும் ஹொக்கி அரங்கை அரைகுறையாகவே கைவிட்டுவிடுவேன் என்றார். மாநில உயர்கல்விச் சபை உடனே கூடிப் பெயரைக் காப்பாற்றியது. அரங்கு எழுந்தது. தரையிலும் சுவரிலும் இருக்கைகளிலும் ஆயிரக்கணக்கான இடங்களில் அந்த இறகு சூடிய தலை பதிக்கப்பட்டது. பிறகு எவராலும் இலகுவில் பெயர்த்தெடுக்க முடியாதபடி. மரியாதை செய்பவன் இப்படியா செய்வான்?

மஸ்கொட் என்ற சொல்லையும் கொஞ்சம் பாருங்கள். தென் பிரான்சில் சூனியத்தையும் தாயத்தையும் குறித்த சொல்லில் இருந்து வந்தது. 1880இல் பாரிஸில் அரங்கேறிய 'லா மஸ்கொட்' என்ற இசைநாடகம்தான் அதை உலகத்துக்குப் பரப்பியது. கதை ஒரு பண்ணைப் பெண்ணைப் பற்றியது. அவள் எவனிடம் இருக்கிறாளோ அவனுக்கு ராசி. அதனால் அவளை ஆளாளுக்கு இழுக்கிறார்கள். ராசி அவளுக்கில்லை, அவளை வைத்திருப்பவனுக்கு. ஒரு மனிதக் கூட்டத்தை மஸ்கொட் ஆக்குவதும் இதுவேதான்.

இலினோய் பல்கலைக்கழகத்தில் 1926இல் ஒரு மாணவர் இறகுத் தலையணியோடு இடைவேளையில் வந்து ஆடினார். 'தலைவர் இலினிவெக்' என்று பெயர். 2007 பெப்ரவரி வரை, 80 ஆண்டுகளாக, மாணவர்கள் மாறி மாறி அந்த வேடம் போட்டார்கள். அந்த மண்ணின் இலினோய் மக்கள் 1832 ஒப்பந்தத்தோடு மிச்சக் காணியையும் இழந்து மேற்கே போய்விட்டவர்கள். அவர்களுடைய வழித்தோன்றல்களான பியோரியாக்கள் இன்று ஒக்லஹோமாவில் இருக்கிறார்கள். வேடத்தின் உடையோ அவர்களுடையதே அல்ல, சமவெளி லகோட்டாக்களின் பாணி. 1980களின் இறுதியில் அங்கே மேற்படிப்புக்கு வந்தவர் ஸ்போக்கேன் இனத்து ஓவியர் ஷார்லீன் ரீற்றர்ஸ். தன் பிள்ளைகளைக் கூடைப்பந்தாட்டம் பார்க்கக் கூட்டிப்போனார். 'தலைவர்' ஆட வந்ததும் பிள்ளைகள் இருக்கையில் கூனிக்குறுகிப் போனதைக் கண்டார். அதன்பிறகு அவர் அரங்குக்கு வெளியே ஒரு பதாகையோடு தனியே நின்றார். கூட்டம் ஒரு பக்கம், ஒருத்தி மறுபக்கம். பட்டம் தெளிக்கும் விதி மாறவில்லை.

அந்தப் பிள்ளைகள் குறுகியது கற்பனை அல்ல. உளவியலாளர் ஸ்டெபனி ஃபிரைபேர்க்கும் சகாக்களும் 2008இல் வெளியிட்ட ஆய்வு, இத்தகைய உருவங்களைப் பார்த்த பூர்வகுடி மாணவர்களின் தன்மதிப்பு குறைந்ததைக் காட்டியது.

இப்போது அந்த ரீ சேட்டுக்குத் திரும்புகிறேன். 1978 முதல் புளோரிடா மாநிலப் பல்கலைக்கழக மைதானத்தில், ஒசியோலா வேடமிட்ட மாணவர் குதிரையில் பாய்ந்து வந்து, எரியும் ஈட்டியை மைதான நடுவில் குத்துகிறார். உண்மையான ஒசியோலா, செமினோல்களைப் புளோரிடாவிலிருந்து துரத்த அமெரிக்கா நடத்திய போரில் எதிர்த்து நின்றவர். 1837இல் வெள்ளைக் கொடியின் கீழ் பேச்சுவார்த்தைக்கு வந்தவரைப் பிடித்தார்கள். 1838 ஜனவரியில் சிறைக் கோட்டையில் இறந்தார். வைத்தியர் அவருடைய தலையை வெட்டி எடுத்துக்கொண்டார். மைதானத்தில் அவர் ஏறும் புள்ளிக் குதிரையோ கண்டத்தின் மறுகோடியில், வடமேற்கில் வாழ்ந்த நெஸ் பேர்ஸ் மக்களோடு சேர்த்துப் பேசப்படும் இனம்.

துரத்தப்பட்ட செமினோல்களுக்கு மேற்கே ஒரு நிலம் காட்டினார்கள். 1866இல் ஒரு ஒப்பந்தம் போட்டு அதையும் முழுவதுமாகப் பறித்தார்கள். கிறீக் மக்களிடமிருந்தும் ஒரு பங்கைப் பறித்தார்கள். பறித்த அந்த நிலத்தின் ஒரு பகுதியைத்தான் 1889 ஏப்ரல் 22ஆம் திகதி நண்பகல், ஓடிப்போய்ப் பிடித்தவனுக்குச் சொந்தம் என்று வெள்ளைக் குடியேறிகளுக்குத் திறந்துவிட்டார்கள். நண்பகலுக்கு முன்பே களவாக நுழைந்து நல்ல காணிகளைப் பிடித்தவர்களுக்கு 'சூனர்ஸ்', முந்திக்கொண்டவர்கள், என்று பட்டம். இன்று ஒக்லஹோமா பல்கலைக்கழக அணியின் பெயர் அதுதான். அவர்களுடைய மைதானத்தில் குடியேறிகளின் கூடாரவண்டி ஓடுகிறது.

ஆக, ஒரு மைதானத்தில் துரத்தப்பட்டவனின் பெயர். இன்னொன்றில் அவனிடம் பறித்த காணியைக் களவாகப் பிடித்தவனின் பெயர். இரண்டுக்கும் ஒரே கைதட்டல், இரண்டும் 'பாரம்பரியம்'. மரியாதைதான் நோக்கம் என்றால் இந்த இரண்டு பெயர்களும் ஒரே நாட்டில் இருக்க முடியுமா?

நண்பர் விடமாட்டார், செமினோல்களே சம்மதித்துவிட்டார்களே என்பார். உண்மை. கல்லூரி விளையாட்டுகளை நிர்வகிக்கும் என்சிஏஏ, 2005இல் பூர்வகுடிச் சின்னங்களுக்குக் கட்டுப்பாடு கொண்டுவந்தது. அதே ஆண்டில் புளோரிடா செமினோல் சபை அந்தப் பெயருக்கு ஆதரவாகத் தீர்மானம் எழுதிக்கொடுத்தது. பல்கலைக்கழகத்துக்கு விலக்குக் கிடைத்தது. வட டகோட்டாவிலும் ஸ்பிரிட் லேக் மக்கள் 2009இல் பெயர் இருக்கட்டும் என்றே வாக்களித்தார்கள். ஸ்டான்டிங் ரொக் சபை கடைசிவரை எதிர்த்தது. பூர்வகுடிகள் எல்லோரும் ஒரே குரலில் பேசவேண்டும் என்று எதிர்பார்க்க நான் யார்? சம்மதித்தவர்களின் சம்மதத்தை நான் மதிக்கிறேன். ஆனால் மாணவர்கள் வாக்களித்துப் பெயர் வைத்தது 1947இல். எழுத்தில் தீர்மானம் வந்தது 58 ஆண்டுகள் கழித்து, தடை வாசலில் வந்து நின்றபோது. முதலில் கேட்டு, பிறகு வைப்பதுதான் மரியாதை. வைத்துவிட்டு, மாட்டிக்கொண்டபோது கேட்பதற்கு வேறு பெயர் உண்டு.

கனடாவில் இருந்துகொண்டு அமெரிக்காவைத் திட்டுவது சுகமான வேலை. ஆகவே மொன்றியலையும் சொல்கிறேன். மக்கில் பல்கலைக்கழகத்தின் ஆண்கள் அணி 'ரெட்மென்', செம்மனிதர். சீருடையின் சிவப்பில் இருந்து வந்த பெயர், எவரையும் குறிக்கவில்லை என்று நெடுங்காலம் சொன்னார்கள். இருக்கட்டும். 1960களில் பெண்கள் அணியைப் பூர்வகுடிப் பெண்களை இழிக்கும் சொல்லால் அழைத்ததும், 1980களில் இறகு சூடிய தலையைச் சின்னமாகப் போட்டதும் எந்தச் சிவப்பிலிருந்து வந்தன? சின்னத்தை 1992இல் எடுத்தார்கள். பெயர் கிடந்தது. தோமஸ் ஜிரூசெக் என்ற பூர்வகுடி மாணவர், அதே பல்கலைக்கழகத்துக்காகப் படகு வலித்தவர், 2018இல் இயக்கம் நடத்தினார். மாணவர் வாக்கெடுப்பில் ஏறக்குறைய 79 வீதம் மாற்றத்துக்கு ஆதரவு. 2019இல் பெயர் போனது. வானம் இடிந்து விழவில்லை. அவர்கள் இப்போது செம்பறவைகள்.

"எங்கட பேரை ஒருத்தன் வைச்சா?" என்று நண்பர் கேட்டாரே. கற்பனை செய்து பார்ப்போம். யாழ்ப்பாண அரசின் கடைசி மன்னன் சங்கிலியனைப் போர்த்துக்கேயர் 1619இல் பிடித்து, கோவாவுக்குக் கொண்டுபோய்க் கொன்றார்கள். லிஸ்பனில் ஒரு பல்கலைக்கழகம் தன் அணிக்குச் 'சண்டைக்காரச் சங்கிலிகள்' என்று பெயர் வைக்கிறது. இடைவேளையில் ஒரு போர்த்துக்கேயப் பையன் பஞ்சாபித் தலைப்பாகையும் கதகளி முகப்பூச்சுமாக ஒட்டகத்தில் வந்து ஆடுகிறான். எண்பதாயிரம் பேர் கைதட்டுகிறார்கள். நாங்கள் சந்தோசப்படுவோமா? மணலாறு வெலிஓயா ஆனதற்கே இன்றுவரை ஆறாதவர்கள் நாங்கள்.

எனக்கும் ஒரு பட்டம் இருந்தது. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் ஒரு தொழிற்சாலையில் இரவு வேலை. என் பெயர் வாயில் நுழையாத மேற்பார்வையாளர் என்னைச் 'சீஃப்' என்றே கூப்பிடுவார். தலைவர் என்றல்லவா அழைக்கிறான் என்று நான் பூரித்துப்போனேன். மனைவிக்குக்கூடப் பெருமையாகச் சொன்னேன். இரண்டு வருடம் கழித்து, பக்கத்து மெஷினில் நின்ற ஒஜிப்வேக்காரர் சாப்பாட்டு நேரத்தில் சொன்னார்: "அது என்னுடைய பெயர். நீ வரும்வரை இங்கே நான்தான் சீஃப்." அவர் சிரித்துக்கொண்டுதான் சொன்னார். எனக்குச் சோறு இறங்கவில்லை. பிறகு என்னுடைய பெயரைக் கேட்டார். ஏழு எழுத்தையும் சொல்லிப் பழக அவருக்கு ஒரு வாரம் எடுத்தது. பழகினார்.

கடைசியாக நம் வீட்டுக் குப்பை. 'செவ்விந்தியர்' என்ற சொல்லை நம் பத்திரிகைகள், பாடநூல்கள், மொழிபெயர்ப்புகள் எல்லாம் கூச்சமில்லாமல் எழுதிவருகின்றன. நானும் எழுதியிருக்கிறேன். திசை தவறி வந்த கொலம்பஸின் பிழையும் தோலின் நிறத்தைச் சொல்லும் வெள்ளையனின் ஏளனமும் சேர்ந்த பட்டம் அது. டச்சுக்காரரும் ஆங்கிலேயரும் நம் முன்னோரை 'மலபார்கள்' என்று ஏடுகளில் எழுதிவைத்தார்கள். அதை நாம் ஏற்கவில்லை. மற்றவனுக்கு வைத்த பட்டத்தை மட்டும் ஏன் தமிழில் பெயர்த்து வைத்திருக்கிறோம்? மோஹாக், ஒஜிப்வே, டகோட்டா, செமினோல் என்று அவரவர் பெயரை எழுதலாம். பொதுவாகச் சொல்லவேண்டிய இடத்தில் பூர்வகுடிகள் எனலாம். இந்த இதழின் ஆசிரியர் குழுவிடமும் அதைத்தான் கேட்கிறேன்.

நண்பருக்கு என் பதில் இதுதான்: எங்கட பேரை ஒருத்தன் வைக்க விரும்பினால் முதலில் எங்களிடம் கேட்கட்டும். வேண்டாம் என்றால் விடட்டும். தம்பியின் ரீ சேட்டைக் கழற்றச் சொல்ல எனக்கு உரிமையில்லை. அந்த முகம் ஒசியோலாவின் மக்களுடையது என்பதையும், ஒசியோலாவை எப்படிப் பிடித்தார்கள் என்பதையும் அடுத்த முறை காணும்போது சொல்வேன். போடுவதும் விடுவதும் அவன் பாடு.