எழுதத் தெரிந்த டைரக்டர்

வீட்டுப் பிள்ளை, "நான் சினிமா டைரக்டர் ஆகப் போகிறேன்" என்று சொல்லிவிட்டால், பெற்றோருக்கு அன்றிரவு தூக்கம் வராது. உத்திரமேரூர்ப் பக்கத்தில் அப்படிக் கவலைப்படுகிறவர்கள் தங்கள் ஊர்க் கல்வெட்டையே நினைத்துப் பார்க்கலாம். சபை அங்கத்தினராவதற்கு இன்ன வயது, இன்ன நிலம், இன்ன கல்வி வேண்டும் என்று பராந்தக சோழன் காலத்திலேயே அங்கே கல்லில் வெட்டி வைத்தார்கள். தகுதி உள்ளவர் பெயர்தான் ஓலையில் ஏறிக் குடத்துக்குள் விழும்.

டைரக்டர் பதவிக்கு அத்தகைய கல்வெட்டு எதுவும் கிடையாது. ஆனால், பக்கத்து மதுராந்தகத்தை அடுத்த சித்தாமூரில் 1933-இல் பிறந்த ஸ்ரீதர், அதற்குரிய தகுதியை எழுத்தின் மூலம் தேடிக்கொண்டார். அவருடைய 'ரத்த பாசம்' நாடகத்தை டி.கே.எஸ். சகோதரர்கள் மேடையேற்றினார்கள்; 1954-இல் அது திரைக்கும் வந்தது. அதே ஆண்டில் 'எதிர்பாராதது', 1956-இல் 'அமரதீபம்', 1958-இல் 'உத்தம புத்திரன்' ஆகியவற்றுக்கும் அவர் எழுதினார். அவற்றை டைரக்ட் செய்தவர்கள் வேறு பேர். 1959-இல் 'கல்யாண பரிசு' வந்தபோதுதான், எழுதியவரே டைரக்டராகவும் ஆனார். அப்போது அவருக்கு 26 வயதுகூட நிறையவில்லை.

அடுக்கு வசனத்துக்குக் கொட்டகை அதிரக் கை தட்டிய காலம் அது. வசனகர்த்தா டைரக்டரானால் பாத்திரங்கள் ஓயாமல் பேசும் என்றுதானே எதிர்பார்ப்போம்? நடந்ததோ நேர்மாறு! 'கல்யாண பரிசு' முடிவில், காதலில் தோற்ற பாஸ்கர், தான் நேசித்த பெண்ணின் கையில் தன் குழந்தையையே பரிசாகக் கொடுத்துவிட்டுப் போகிறான். பத்துப் பக்க வசனத்தின் வேலையை அந்தக் குழந்தை செய்துவிடுகிறது. 1962-இல் வெளிவந்த 'நெஞ்சில் ஓர் ஆலயம்' ஏறக்குறைய முழுவதும் ஓர் ஆஸ்பத்திரிக்குள்ளேயே நடக்கிறது. நோயுற்ற கணவன், மனைவி, அவளை முன்பு நேசித்த டாக்டர் ஆகிய மூவர் மனத்தையே நம்பி எடுத்த படம் அது. சித்ராலயா கோபுவும் ஸ்ரீதரும் சேர்ந்து எழுதிய 'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் கதை சொல்லுகிறார். சிரிப்போ, கேட்டுக்கொண்டிருக்கும் பாலையாவின் முகத்தில் விளைகிறது!

இந்தத் துணிவு எங்கிருந்து வந்தது? பிறர் எழுதிய வசனத்தை வெட்ட டைரக்டருக்குத் தயக்கம் உண்டு. தன் வசனத்தைப் பிறர் வெட்டினால் எழுத்தாளனுக்குக் கோபம் உண்டு. இருவரும் ஒருவரேயானால் அந்த வழக்குக்கே இடமில்லை. எந்த வாக்கியம் கதையைச் சுமக்கிறது, எது வெறும் அலங்காரம் என்பது எழுதியவனுக்குத் தெரியும்.

ஸ்ரீதரின் பிற்காலப் படங்கள் எல்லாமே இவ்வளவு சோபிக்கவில்லை என்பதும் உண்மைதான். 2008-இல் அவர் காலமானார். ஆயினும், அவர் காட்டிய வழி இன்றும் திறந்தே இருக்கிறது. ஆகையால், பிள்ளை சினிமாப் பேச்சை எடுத்தால் பெற்றோர் கோபிக்க வேண்டியதில்லை. "என்ன எழுதியிருக்கிறாய்?" என்று கேட்கட்டும். அவன் கட்டுக் காகிதத்தைக் கொண்டுவந்து வைத்தால், "இதில் எதை அடித்தாய்?" என்று இன்னொரு கேள்வியும் கேட்கட்டும். அதற்கும் அவனிடம் பதில் இருக்குமானால், தாராளமாக ரயிலேற்றி அனுப்பலாம்!