விற்காத பொருளுக்கு எதற்குப் பூட்டு?

1994இல் ஜப்பானில் அறிமுகமான சோனியின் பிளேஸ்டேஷன் விளையாட்டுக் கருவி, உலகெங்கும் 10 கோடிக்கும் மேல் விற்பனையானது. 2006இல் அதன் உற்பத்தி நின்றது. அதற்காக வெளிவந்த குறுந்தட்டு விளையாட்டுகளை இன்றைய கணினியில் இயக்க, பழைய கருவியைப் போலவே செயல்படும் ‘எமுலேட்டர்’ மென்பொருள் வேண்டும். பெரும்பாலும் அத்துடன், கருவியின் சிப்பில் பதிக்கப்பட்டிருந்த ‘பயோஸ்’ எனும் அடிப்படை நிரலின் நகலும் வேண்டும். வெறும் 512 கிலோபைட் அளவுள்ள அந்தக் கோப்பில்தான் சட்டச் சிக்கல் அடங்கியிருக்கிறது.

கனெக்டிக்ஸ் என்ற அமெரிக்க நிறுவனம் சோனியின் பயோஸை நகலெடுத்து ஆராய்ந்து, தனக்கெனச் சொந்த நிரலை எழுதி எமுலேட்டரை விற்றது. ஆய்வுக்காக எடுத்த நகல் நியாயமான பயன்பாடே என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000இல் தீர்ப்பளித்தது. ஆனால், அசல் பயோஸை அப்படியே பிறருக்கு வழங்குவது இன்றும் பதிப்புரிமை மீறலே.

வழக்கில் வென்ற மென்பொருளும் சந்தையில் நிலைக்கவில்லை. மறு ஆண்டே சோனி அதை விலைக்கு வாங்கி விற்பனையை நிறுத்தியது. மற்றொரு போட்டியாளரான பிளீம், வழக்குச் செலவால் நலிந்து மூடப்பட்டது. பின்னர் 2018இல் சோனியே வெளியிட்ட ‘பிளேஸ்டேஷன் கிளாசிக்’, ஆர்வலர்கள் உருவாக்கிய திறமூல எமுலேட்டரைக் கொண்டு இயங்கியது என்பது நகைமுரண்.

பதிப்புரிமை என்பது, புதியன படைப்போரை ஊக்குவிக்கச் சமூகம் வழங்கும் தற்காலிக ஏகபோகம் என்றே பொருளியல் மாணவர்களுக்குக் கற்பித்து வந்தேன். உற்பத்தி நின்ற கருவியின் நிரலைப் பூட்டி வைப்பதால் எந்தப் புதிய படைப்பு ஊக்கம் பெறும்? ஆயினும், அமெரிக்காவில் நிறுவனப் படைப்புகளுக்கான உரிமை, வெளியானதிலிருந்து 95 ஆண்டுகள் நீடிக்கிறது. அங்கு 2010க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று விற்பனையில் இல்லை என்கிறது, வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளையின் 2023ஆம் ஆண்டு ஆய்வு. விற்பனையில் இல்லாதவற்றை நூலகங்கள் ஆய்வாளர்களுக்குத் தொலைவிலிருந்து பயன்படுத்தத் தரும் கோரிக்கையையும் அந்நாட்டுப் பதிப்புரிமை அலுவலகம் 2024இல் நிராகரித்தது.

மறுவெளியீட்டுச் சந்தை பாதிக்கப்படும் என்ற நிறுவனங்களின் அச்சத்தை நான் புறந்தள்ளவில்லை. விற்கப்படும் பொருளுக்குப் பாதுகாப்பு தொடரட்டும். குறிப்பிட்ட ஆண்டுகள் விற்பனைக்கே வராதவற்றை, பயோஸ் உட்பட, நூலகங்கள் பாதுகாத்து வழங்கச் சட்டம் இடமளிக்கட்டும். நிறுவனம் மீண்டும் விற்க முன்வந்தால் அவ்வனுமதி முடிவுக்கு வரட்டும். இதனால் நிறுவனத்துக்கு இழப்பில்லை. பூட்டு நீடித்தாலோ, ஒரு தலைமுறையின் பண்பாட்டுச் சான்றுகள் பழுதாகும் குறுந்தட்டுகளோடு அழியும்.